ன் விழவில்லை

"மேடம், ன் விழலை," என்றார் ஒலிப்பதிவாளர் ஜோதிலிங்கம், கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து. ஹெட்போனில் அவர் குரல் காதுக்குள்ளேயே உட்கார்ந்துகொண்டு பேசியது. இசக்கியம்மாள் சட்டென்று நிமிர்ந்து கண்ணாடியைப் பார்த்தாள். என்ன விழலை, எங்கே விழலை, இந்த மனுஷனுக்கு யார் சொன்னது? அப்புறம்தான் உறைத்தது, அவர் சொல்வது படத்து வசனத்தை. திரையில் அவளேதான் நிற்கிறாள், மெஸ் நடத்துகிற முரட்டு அக்காவாக, கையில் கரண்டியும் திறந்த வாயுமாக. படப்பிடிப்பில் பேசியதையெல்லாம் சாலிகிராமத்து டப்பிங் அறையில் வந்து நின்று, உதட்டுக்குப் பொருத்தி மறுபடி பேசிக் கொடுக்க வேண்டும், வழக்கமான வேலைதான். மற்றதெல்லாம் காலையிலேயே மளமளவென்று முடிந்துவிட்டது. இந்த ஒரு வரிதான் நகர மாட்டேன் என்கிறது. 'அவன் கெடக்கான் விடு, எம்புருசனை எனக்குத் தெரியாதா!' சின்னக் குழந்தைகூடச் சொல்லிவிடும். "அவன்லயும் கெடக்கான்லயும் ன் வரலை மேடம். 'அவ கெடக்கா விடு'ன்னு கேக்குது. பின்னாடியே புருசன்னு வருதா, ஒட்டலை. சளி கிளி பிடிச்சிருக்கா?" சளியாம். சளி பிடித்திருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும், ஆவி பிடித்தால் போய்விடுமே. "ஆமா சார், லேசா," என்றாள். பேச்சில் யார்தான் அந்த ன்னை முழுசாகச் சொல்கிறார்கள்? மூக்கில் லேசாக ஒரு தட்டு, அவ்வளவுதான், தட்டினால் ஆண், தட்டாவிட்டால் பெண். ஒரு மூக்குத் தட்டில் மனுஷனுடைய மானம் மரியாதை வீடு வாசல் எல்லாவற்றையும் கொண்டுபோய் வைத்திருக்கிறார்களே, உருப்படுமா இந்த பாஷை?

நேற்று சாயங்காலம் வெளியான பேட்டியில் அவள் தட்டவில்லை. மேடையேறி ஊரைச் சிரிக்கவைக்கிறவள், வாயை விட்டால் வேறு சொத்தில்லாதவள், இத்தனை வருஷத்தில் அந்த இடத்தில் ஒருநாளும் வழுக்கியதில்லை. 'எங்க வீட்டுல' என்று ஆரம்பிப்பாள். அரங்கம் சிரிக்கத் தயாராகிவிடும். எங்க வீட்டுல அவங்க இருக்காங்களே. எங்க வீட்டுல அவங்களுக்கு ரசம்னா உசிரு. புருஷன் என்று ஒரு மேடையிலும் ஒரு தடவையும் அவள் சொன்னது கிடையாது, நாக்கு அழுகிப்போகட்டும், சொன்னதே கிடையாது. அவங்க என்றால் ஆணா பெண்ணா? தமிழ் அதைக் கேட்காது. மரியாதை கொடுத்துவிட்டாயா, போதும், மேற்கொண்டு தோண்டாது. அந்த மரியாதைக்குள்தான் அவளும் வேதவல்லியும் குடித்தனம் நடத்திவருகிறார்கள், யாரும் கதவைத் தட்டாமல். அப்படியிருந்தவள் நேற்றுப் போட்ட பேட்டியில், பேட்டி எடுத்த பையன் கன்னத்தில் கைவைத்துக்கொண்டு அப்படிக் கேட்டானே, அதில்தான் ஏமாந்துபோனாள். ஷோ முடிஞ்சு வீட்டுக்குப் போனா என்னக்கா நடக்கும் என்றான். எல்லாரும் ஜோக்கைக் கேட்பார்கள், அவன் வீட்டைக் கேட்டான். வீடு கண்ணுக்குள் வந்துவிட்டது, சோபா, அதில் வாயைப் பிளந்துகொண்டு தூங்குகிற வேதா, நழுவின போர்வை. "அவ தூங்கிப்போயிருப்பா, ஆனா காலு மட்டும் பிரேக்கை அமுக்கிக்கிட்டே இருக்கும்," என்று வாயிலிருந்து வந்துவிட்டது. வந்ததே அவளுக்குத் தெரியாது. அந்தப் பையன் குபீரென்று சிரித்தான், அந்தச் சிரிப்பில் பாதி வாக்கியம் முங்கிவிட்டது. அன்றைக்குப் பதிவு முடிந்து வீட்டுக்குப் போகிற வழியில் கோயம்பேடு பாலத்தின்மேல்தான் அவளுக்கே அது காதில் விழுந்தது. அவ. ஐயோ, அவ என்றல்லவா சொன்னேன். எடுத்துவிடுங்கள் என்று போன் பண்ணினால் எதை என்று கேட்பார்கள். அதை எப்படிச் சொல்வது? பேட்டி வெளிவரும்வரை ஒருவாய் சோறு ஒழுங்காக இறங்கவில்லை.

"போலாமா மேடம்?" போலாம். சிவப்பு விளக்கு. டொக் டொக் டொக், மூன்றாவது தட்டில் வாயைத் திறக்க வேண்டும். அவன் கெடக்கான் விடு. இந்தத் தடவை ன் மீது ஏறி உட்கார்ந்துகொண்டு சொன்னாள், அவன்ன்ன் என்று. "பள்ளிக்கூடத்துல ஒப்பிக்கிற மாதிரி இருக்கு மேடம்," என்றார் ஜோதிலிங்கம், பாவம், தன்மையாகத்தான் சொன்னார். "தண்ணி குடிச்சுக்கோங்க." தண்ணீர் குடித்தாள். ஏசி குளிரிலும் கழுத்தடி வேர்த்திருந்தது. ஆம்பளையாகப் பேசு என்றால் எவ்வளவு நேரமாகும் அவளுக்கு? சினிமாவில் அவளுக்குக் கொடுத்ததே அதைத்தானே. முதல் படத்தில் கான்ஸ்டபிள், கதாநாயகன் அவளைப் பார்த்து 'இது பொம்பளையா இல்ல புல்டோசரா' என்பான், தியேட்டர் அதிரும். அடுத்ததில் ஹாஸ்டல் வார்டன். அதற்கடுத்ததில் கல்யாணமாகாமல் நாற்பதைத் தாண்டிய மில் முதலாளி, கதாநாயகனின் நண்பன் அவளைக் கல்யாணம் பண்ணிக்கொள்வதுதான் அவனுக்கு தண்டனை. எல்லாவற்றையும் செய்தாள், வாங்கிக்கட்டிக்கொண்டாள், யாராவது செய்யத்தானே போகிறார்கள், நான் செய்தால் கொஞ்சம் சிரிப்பாவது வரும் என்று. திரையில் புல்டோசர், மேடையில் குடும்ப விளக்கு. வேதா ஒருதடவை சொன்னாள், "உன்னை ஆம்பளைங்கிறாங்க, என்னைப் புருஷன்ங்கிறாங்க, வீட்டுல பொம்பளைன்னு இருக்கிறது நம்ம பூனை மட்டும்தான் போல." அதையே மேடையில் சொல்லலாமா என்று அன்றைக்குச் சாப்பாட்டு மேசையில் இருவரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சொல்ல முடியாது என்பதற்கும் சேர்த்துத்தான் சிரித்தார்கள்.

பிரேக் ஜோக் வேதா போட்ட பிச்சை. வேதவல்லி வளசரவாக்கத்தில் பெண்களுக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிறவள். கற்றுக்கொடுக்கிற காரில் இடதுபக்கம் உட்காருகிறவர் காலடியிலும் ஒரு பிரேக் இருக்கும், எதிரே லாரி வந்தால் அவள்தான் அமுக்க வேண்டும். அது பழகிப்போய் ஆட்டோவில் போனாலும் அமுக்குவாள், பஸ்ஸில் போனாலும் அமுக்குவாள், டிவியில் கார் வேகமாகப் போனால் சோபாவிலிருந்து அமுக்குவாள். இசக்கி எதையாவது கோபமாகச் சொல்ல வாயெடுத்தால் தரையில் அந்தக் கால் அழுந்தும். தூக்கத்தில் இசக்கியின் கணுக்கால்தான் பிரேக். இதை ஒரு ஓட்டல் மாடியில், நாற்காலிகளெல்லாம் காலியாகக் கிடந்த ஒரு சாயங்காலத்தில், வேறு எதுவும் எடுபடாமல் போகவே, வாய்க்கு வந்தபடி எடுத்துவிட்டாள். 'எங்க வீட்டுல அவங்க பக்கத்துல உக்காந்தா என் வாழ்க்கையே ஸ்பீடு எடுக்காது.' வந்திருந்த நாலு பேரும் மேசையைத் தட்டிச் சிரித்தார்கள். அங்கே பிடித்த ஏறுமுகம்தான், டிவி, சினிமா, சிங்கப்பூர், துபாய். போகிற இடத்திலெல்லாம் கல்யாணமான பெண்கள் கையைப் பிடித்துக்கொண்டு சொல்வார்கள், எங்க வீட்டுலயும் இதே கதைதான் அக்கா. அவர்கள் கையைப் பிடிக்கும்போது அவளுக்குச் சந்தோஷமாகவும் இருக்கும், களவாணி மாதிரியும் இருக்கும். உங்க வீட்டுல இருக்கிறதும் எங்க வீட்டுல இருக்கிறதும் வேற என்று தெரிந்தால் இந்தக் கை இருக்குமா, வெடுக்கென்று போய்விடுமா? போய்விடும் என்றுதான் வைத்துக்கொள்வாள். அப்படி வைத்துக்கொண்டால்தான் பயம் கொஞ்சம் அடங்கும்.

நேற்று ராத்திரி முழுக்க வேதாவுக்குத் தெரியாமல் போர்வைக்குள் போனை வைத்துப் பார்த்துக்கொண்டே கிடந்தாள். யாராவது எழுதப்போகிறார்கள், 'அவ'வா, யாரு அந்த அவ என்று. விடிகிற நேரத்தில் எழுதினார்கள். எழுதினது என்ன? 'கட்டின புருஷனை அவன் இவன்னு பேசுது இந்தம்மா, புகழ் வந்தா மரியாதை போயிடுமா?' இன்னொருவர், 'எங்கம்மா எங்கப்பாவை நேருல பேரு சொல்லிக்கூடக் கூப்பிட்டதில்லை.' இன்னொருவர், 'அந்த மனுஷன் எப்படித்தான் இதோட குப்பை கொட்டுறாரோ.' அதற்குக் கீழே ஆயிரம் பேர் ஆமாம் சாமி. அவள் எழுந்து பாத்ரூமுக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டுச் சிரித்தாள். அவர்கள் காது அதுவாகவே ஒரு ன் போட்டுக்கொண்டது! அவள் போடாத ன்னை ஊரே கூடி போட்டுக் கொடுத்திருக்கிறது! போன உசிரு திரும்பி வந்தது. திரும்பி வந்த உசிரு அரைமணி நேரம்கூட நிம்மதியாக இருக்கவில்லை என்பதுதான் கூத்து. காப்பியில் சர்க்கரையை இரண்டு தடவை போட்டாள். இப்போது எதற்குப் பயப்படுகிறேன், தப்பித்தாயிற்றே என்று தன்னையே கேட்டுக்கொண்டாள். மேனேஜர் பிரகலாதனும் அதைத்தான் போனில் சொன்னான், "அக்கா, தப்பிச்சோம்." எதிலிருந்துடா தப்பித்தோம்? உனக்கு என்ன தெரியும்? அவன் வீட்டுக்கு வந்திருக்கிறான், ஒரே கட்டில் இருக்கிற வீடு, வேதா கையால் ரசம் குடித்திருக்கிறான், ஒரு கேள்வி கேட்டதில்லை. தப்பிச்சோம் என்றானே, தப்பிச்சீங்க என்றுகூடச் சொல்லவில்லை.

அடுத்து அம்மா. ஸ்ரீவைகுண்டத்திலிருந்து, காலையிலேயே, அவள் ஆட்டோவில் வந்துகொண்டிருக்கும்போது. "ஏட்டி, இல்லாத மாப்பிள்ளைய ஏசிட்டேன்னு தெரு பூரா ஒன்னைய ஏசுதாவ, என்ன கொடுமைட்டி இது?" அம்மாவுக்கு மாப்பிள்ளை இல்லை என்பது தெரியும், 'எங்க வீட்டுல' என்பதெல்லாம் பிழைப்புக்குக் கட்டுகிற கதை என்றுதான் இத்தனை நாளும் அவள் கணக்கு. வேதா, கூட இருக்கிற பிள்ளை. "அதெல்லாம் சும்மா பேசுவாங்கம்மா," என்றாள். அந்தப் பக்கம் குக்கர் விசிலடித்தது. "நானும் போட்டுப் பாத்தேன்," என்றாள் அம்மா. "எனக்கு அவன்னு கேக்கலியே." ஆட்டோ குழியில் விழுந்து எழுந்தது. "செரி, வேலையப் பாரு. வேதா சாப்பிட்டாளா?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் வைத்துவிட்டாள். எனக்கு அவன்னு கேக்கலியே. அப்போ என்ன கேட்டது அம்மா? பெற்றவளுக்கு மகளுடைய ன் தெரியாதா, மழலையிலிருந்து கேட்ட காது. கேட்டதா, கேட்கவில்லையா, கேட்டும் கேட்காத மாதிரி இருக்கிறாளா, வேதா சாப்பிட்டாளா என்றாளே அது எப்போதும் கேட்பதுதானா, இல்லை இன்றைக்கு அதில் வேறு ஏதாவது இருந்ததா? எப்போதும் எப்படிக் கேட்பாள்? நினைவுக்கு வரவில்லை. எத்தனை வருஷமாகக் கேட்கிறாள், ஒருநாள்கூடக் கவனித்துக் கேட்டதில்லையே நான்.

"அவ கெடக்கா," என்றார் ஜோதிலிங்கம், அடுத்த தடவை சொன்னதையும் கேட்டுவிட்டு. "அப்படியேதான் கேக்குது. டீ குடிச்சிட்டு வந்துருவோம் மேடம், தானா வரும்." வெளியே மாடிப்படி வெயிலில் கண் கூசியது. டீயை ஒரு வாய் குடிப்பதற்குள் பிரகலாதன் அழைத்துவிட்டான். "அக்கா, நீங்க நடிக்கப்போற விளம்பரம் இருக்கே, அந்த எண்ணெய்க் கம்பெனிக்காரங்க பேசினாங்க. பயந்துட்டாங்க. குடும்பத்துப் பொம்பளைங்க வாங்குற பொருளு, விளம்பரத்துல வர்றவங்க புருஷனை மரியாதை இல்லாம பேசினாங்கன்னு பேரு இருக்கக்கூடாதாம். ஆனா வழியும் அவங்களே சொல்லிட்டாங்க. நீங்க ஒரு நிமிஷம் பேசிப் போட்டுட்டாப் போதும். 'எங்க வீட்டுக்காரரை அவன்னு சொன்னது தப்பு, மன்னிச்சிருங்க.' அவ்வளவுதான். டப்பிங்லதானே இருக்கீங்க, அங்கேயே மைக் இருக்கும், பேசி அனுப்பிருங்க. சாயங்காலத்துக்குள்ள வேணுமாம்." எங்க வீட்டுக்காரரை. அவள் தம்ளரைப் படியில் வைத்தாள். "ஏன் பிரகலாதா, அவங்க விளம்பரமே 'எங்க வீட்டுல'தானே, அதுல நான் தனியாத்தானே பேசப்போறேன்?" "இல்லக்கா, அதுலயும் ஒரு சின்ன மாத்தம். வீட்டுக்காரரா ஒருத்தரைப் போடுறாங்க. நல்லா மீசை வச்சு, பாக்க லட்சணமா இருக்காரு. சோபாவுல உக்காந்து காலை இப்படி அமுக்குவாரு, நீங்க தோசை ஊத்துவீங்க." அவள் தம்ளரை எடுத்து மிச்ச டீயைப் படியோரம் கொட்டினாள். "அக்கா, இதுல யாருக்கும் நஷ்டமில்லக்கா. அவன்னே இருந்துட்டுப் போகட்டும்," என்றான் அவன், மெதுவாக, தெரிந்தவன் சொல்வதுபோல. அவன் நல்லவன். அவனுக்கு இவள்மேல் அக்கறை இருக்கிறது, அதனால்தான் அப்படிச் சொல்கிறான். அவன் காலில் விழுந்து அழலாமா, அவனை நாலு சாத்து சாத்தலாமா என்று அவளுக்குத் தெரியவில்லை.

சொல்லிவிடலாம். ஒரு ன்தானே. ஒரு நிமிஷம் மூக்கில் தட்டினால் மேடை இருக்கும், படம் இருக்கும், பூக்காரியிலிருந்து வாட்ச்மேன் வரை எல்லாரும் இதேபோல் சிரித்துக்கொண்டு இருப்பார்கள், அம்மாவும் காதை நம்பாமல் ஊரை நம்பிக்கொள்வாள். சொல்லாவிட்டால்? வேலை போகும், ஆட்கள் பேசுவார்கள், கல்லைக்கூட எறிவார்கள், இல்லை, ஒன்றுமே ஆகாமல் போன் மட்டும் அடிக்காமல் இருக்கும், அதுதான் பெரிய பயம். ஆனால் அந்த மீசைக்காரர் சோபாவில் வந்து உட்கார்ந்துவிட்டார். வேதா தூங்குகிற இடத்தில், வேதாவின் போர்வையை ஒதுக்கிவிட்டு, வேதாவின் காலை வைத்துக்கொண்டு அமுக்குகிறார். அவரை எழுப்பவே முடியவில்லை. வேதாவைக் கூப்பிட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது, எடுத்தபோது ஹாரன் சத்தம்தான் முதலில் வந்தது. "கிளட்சுமா, கிளட்சு, கிளட்சை விடாதீங்க... ஆங், சொல்லு இசக்கி." சொன்னாள். படபடவென்று, மீசை வரைக்கும், தோசை வரைக்கும். வேதா கேட்டுக்கொண்டே வந்தாள். "ஓரமா நிறுத்துங்கம்மா, பயப்படாதீங்க, நான் பிடிச்சிருக்கேன்," என்று பக்கத்துப் பெண்ணிடம் சொன்னாள், கதவு திறந்து மூடுகிற சத்தம் வந்தது. அப்புறம் வெட்டவெளிச் சத்தம்.

"நேத்து நானும் பார்த்தேன் அதை," என்றாள் வேதா. "எப்போ?" "நீ போர்வைக்குள்ள பார்த்துக்கிட்டு இருந்தப்போ, நானும் என் பக்கம் திரும்பிப் பார்த்துக்கிட்டு இருந்தேன்." இசக்கி படியில் உட்கார்ந்தாள். "இத்தனை வருஷமா அவங்க அவங்கன்னு சொல்லுவியே, கைதட்டுவாங்க, நானும் கடைசி வரிசையில உக்காந்து தட்டுவேன். யாரோ ஒரு பெரிய மனுஷியைச் சொல்ற மாதிரி இருக்கும். எனக்கு அந்த ஆளைத் தெரியவே தெரியாது. நேத்துத்தான் நீ என்னைச் சொன்ன. அவ தூங்கிப்போயிருப்பான்னு. திருப்பித் திருப்பிப் போட்டுக் கேட்டேன்டி." அவள் குரல் அழுகிற குரலில்லை, சாதாரணமாகத்தான் இருந்தது, அதுதான் தாங்கவில்லை. "உன் தொழிலு, உன் வாயி. பயமா இருந்தா ஒண்ணும் சொல்லாம இரு, நான் ஒரு வார்த்தை கேக்க மாட்டேன். ஆனா மன்னிப்புக் கேட்டு என்னை ஆம்பளை ஆக்கிராத இசக்கி." "உன்கிட்ட கத்துக்க வர்றவங்க என்ன சொல்லுவாங்க? ஆள் வராமப் போயிட்டா?" "வண்டி எடுத்து ரோட்டுல விட்டா அவளுகளுக்கு ஒண்ணே ஒண்ணுதான் கவலை, பிரேக்குல என் காலு இருக்கா இல்லையான்னு. வராதவ வராம போகட்டும். சரி, இந்தம்மா தனியா உக்காந்து அழுவுது, நான் வைக்கிறேன். நீ சாப்பிட்டியா?" சாப்பிடவில்லை. "சாப்பிட்டேன்," என்றாள்.

மறுபடி உள்ளே, ஹெட்போன், இருட்டு, திரையில் கரண்டியும் கையுமாக அவளே. "வசனம் அப்புறம் பேசிக்கலாம் சார். ஒரு நிமிஷம் சொந்தமா ஒண்ணு பேசணும், பதிஞ்சு கொடுக்க முடியுமா?" ஜோதிலிங்கம் தலையசைத்துவிட்டு எதையோ திருகினார். சிவப்பு விளக்கு. இந்தத் தடவை டொக் டொக் கிடையாது, வாயைப் பொருத்த உதடும் கிடையாது. "வணக்கம், நான் இசக்கி. எங்க வீட்டுல..." என்று ஆரம்பித்தவள் நின்றாள். பழக்கதோஷம், மரியாதை வந்து வாசலில் நிற்கிறது. தொண்டையைச் செருமிக்கொண்டாள். எங்க வீட்டுக்காரரை, என்று சொல்லிப் பார்த்தது மனது, எவ்வளவு சுலபமாக வருகிறது பார், எண்ணெய் தடவினமாதிரி. நாக்கு மேலண்ணத்தில் போய் ஒட்டிக்கொண்டு அந்த ன்னுக்காகக் காத்திருந்தது. கீழே என்னவோ வலிக்கிறதே என்று பார்த்தால் வலதுகால் கட்டைவிரல் தரையை அமுக்கிக்கொண்டிருக்கிறது, முழு பலத்தையும் போட்டு. அடிப்பாவி, உன் வியாதி எனக்கும் வந்துவிட்டதே. "நேத்துப் பேட்டியில நான் வீட்டுல இருக்கவங்களை அவன்னு சொல்லிட்டேன்னு நிறைய பேரு கோவமா இருக்கீங்க. மரியாதை இல்லாம அப்படிச் சொல்லியிருந்தா நீங்க கோவப்படுறது நியாயம். ஆனா நான் அவன்னு சொல்லலை." இங்கேயே நிறுத்திக்கொள்ளலாம், இது வரைக்கும் பொய்யில்லை, மன்னிப்புமில்லை, நிறுத்திவிட்டு வீட்டுக்குப் போய் ரசஞ்சோறு சாப்பிடலாம். யாரோடு? "அவ," என்றாள். "அவன்னா மூக்குல ஒரு தட்டு தட்டணும், நான் தட்டலை. அவ. அவ தூங்கிப்போயிருப்பா. அதைத்தான் சொன்னேன்."

விளக்கு எரிந்துகொண்டே இருந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஜோதிலிங்கம் நிமிரவில்லை, ஒரு கையைப் பொத்தான்மேல் வைத்தபடி குனிந்தே இருந்தார். இவர் இப்போது ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு எழுந்து போனால்? முகத்தைச் சுளித்தால்? சுளிக்கிறாரா? கண்ணாடியில் அவள் முகம்தான் தெரிந்தது. விளக்கு அணைந்தது. காதுக்குள் அவர் குரல் வந்தது. "எல்லாம் சுத்தமா விழுந்திருக்கு மேடம். ஒரு எழுத்தும் முழுங்கலை." கொஞ்சம் நிறுத்திக் கேட்டார், "இதை வச்சுக்கவா, இல்ல அழிச்சிட்டு இன்னொண்ணு போலாமா?"

"வச்சுக்கோங்க சார்," என்றாள் இசக்கியம்மாள். சொன்ன பிறகுதான் தரையிலிருந்து காலை எடுத்தாள்.